நீ எடுத்துவிட்ட நாற்பது விநாடி

பாப்பாவுக்கு,

முப்பத்தோரு வயதில், சொந்தமாகப் படத்தொகுப்பு செய்கிற பெண்ணைப் பாப்பா என்று கூப்பிட்டு எழுதுவது சரியா தெரியவில்லை. உன் பெயரை எழுதிப் பார்த்தேன். யாருக்கோ நோட்டீஸ் அனுப்புவது போல இருந்தது, கிழித்துப் போட்டுவிட்டேன். போனிலேயே சொல்லியிருக்கலாமே என்று கேட்பாய். சொல்லத்தான் நேற்றிலிருந்து மூன்று தடவை கூப்பிட்டேன். மூன்று தடவையும் நீ "சொல்லுங்கப்பா" என்றாய், நான் "சாப்டியா" என்று கேட்டேன், வைத்துவிட்டேன். மூன்றாவது தடவை, "என்னப்பா, சும்மாச் சும்மா சாப்டியா சாப்டியான்னு கேக்குறீங்க, உடம்புக்கு முடியலையா?" என்றாய். உடம்புக்கு ஒன்றுமில்லை. பயம், அவ்வளவுதான். தாளில் எழுதினால் நீ என் முகத்தைப் பார்க்க முடியாது. அதனால்தான் இந்தக் கடிதம்.

விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பாதியில் தைரியம் போய் நிறுத்திவிட்டாலும் இந்த ஒன்றாவது உனக்கு வந்து சேரட்டும். வெள்ளிக்கிழமை படத்தை லாக் செய்யப்போவதாகச் சொன்னாய். லாக் செய்துவிட்டால் அதற்குப் பிறகு ஒரு காட்சிகூட நகராது, இசைக்காரர் கைக்கும் ஒலிக்காரர் கைக்கும் போய்விடும் என்றும் சொன்னாய். இன்று திங்கள். கூரியர்காரன் புதன்கிழமை சென்னையில் சேர்த்துவிடுவேன் என்கிறான். அந்தப் படத்தில் கருப்பையா என்கிற பெரியவர் கண்டக்டரைப் பற்றிப் பேசுகிற நாற்பது விநாடியை நீ எடுத்துவிட்டாய் அல்லவா, அதைத் திரும்ப வை. நான் சொல்லித்தான் நீ எடுத்தாய். நான் சொன்னது பொய். ஏன் பொய் சொன்னேன் என்பதற்குத்தான் மிச்சமுள்ள தாள்கள் எல்லாம்.

நான் பயந்தவன் என்பது உனக்குத் தெரியும். நீயும் உன் அம்மாவும் சேர்ந்து எத்தனை கேலி செய்திருக்கிறீர்கள். கேஸ் அடுப்பை மூன்று முறை அணைத்துப் பார்ப்பேன். அழகர்கோவில் மலையில் குரங்கைக் கண்டால் தேங்காய் மூடியை நானே வைத்துவிட்டு ஒதுங்குவேன். நீ சேனல் வேலையை விட்ட அன்று நான் பட்ட பயத்துக்கு மட்டும் அளவே கிடையாது. "அப்பா, இனிமே சொந்தமாப் பண்ணப் போறேன்" என்றாய். கடை வைக்கிறாய் என்று நினைத்து எந்தத் தெருவில் என்று கேட்டேன். "கடை இல்லப்பா. நான் மட்டுந்தேன். படம் வரும், எடிட் பண்ணிக் குடுப்பேன், அடுத்த படம் வரும்." வராவிட்டால் என்று கேட்டேன். "வரும்ப்பா" என்றாய். நாலு வருடமாக அந்த வராவிட்டாலை நான் தூக்கிக்கொண்டு திரிகிறேன். கண்டக்டர் வேலையில் எனக்கு டெப்போவில் நாளைக்கு எந்த வண்டி, எந்த டிரைவர் என்று இன்றைக்கே எழுதி ஒட்டிவிடுவார்கள். அதைப் பார்த்துவிட்டு வீட்டுக்கு வந்தால்தான் சோறு இறங்கும். ஒட்டாத பலகையைப் பார்த்து வாழ்கிற பிள்ளை எனக்கு எப்படிப் பிறந்தாள் என்று இன்னும் விளங்கவில்லை.

பெண் பார்க்க வந்தவர்களிடம் உன் வேலையைச் சொல்ல நாங்கள் பட்ட பாடு இருக்கிறதே. "பொண்ணு சினிமாவுல நடிக்குதோ?" என்று மாப்பிள்ளையின் பெரியப்பா கேட்டார். உன் அம்மா பதறிப்போய், "அய்யய்யோ, நடிக்கிறதெல்லாம் இல்லண்ணே. மத்தவுக நடிச்சதுல வேண்டாததை எடுத்துருவா" என்றாள். அவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. "அப்ப சென்சார் ஆபீஸு! கவர்மெண்டு உத்தியோகம்னு சொல்லுங்க" என்றார். நானும் வாயை மூடிக்கொண்டு மிக்சர் தட்டை அவர் பக்கம் நகர்த்தினேன். நீ உள்ளேயிருந்து வந்து, "கவர்மெண்டு இல்லங்க, எனக்கு மாசச் சம்பளமே கிடையாது" என்று சொன்னாயே, அத்தோடு அவர்கள் காபியைக்கூட முழுதாகக் குடிக்கவில்லை. அன்றைக்கு உன்மேல் எனக்குக் கோபம். இன்று யோசித்துப் பார்க்கிறேன். யாராவது ஏதாவது தப்பாக நினைத்துக்கொண்டால், அது நமக்குச் சாதகமாக இருந்தால், திருத்தாமல் விட்டுவிடுவது என் பழக்கம். அந்தப் பழக்கம் எங்கே தொடங்கியது என்பதற்கும் பிறகு வருகிறேன்.

பழங்காநத்தத்தில் சேகர் கடையில் நீ கல்யாண வீடியோ எடிட் பண்ணிய காலம் நினைவிருக்கும். கல்லூரி இரண்டாம் வருடம். ஒரு கல்யாணத்தில் மணப்பெண்ணின் அக்காள், புருஷனை இழந்தவள், மண்டபத்துத் தூண் ஓரமாக நின்று, யாரும் பார்க்காத நேரத்தில் மேடையைப் பார்த்து அட்சதை போட்டாள். அவள் போட்டது மேடை வரைக்கும் போகவில்லை, முன்வரிசை நாற்காலியிலேயே விழுந்துவிட்டது. நீ அந்த ஆறு விநாடியை, தாலி கட்டி முடித்த உடனே வருகிற மாதிரி வைத்திருந்தாய். பெண் வீட்டார் கடைக்கு வந்து சத்தம் போட்டார்கள். "மங்களமான காரியத்துல இது என்னத்துக்கு?" என்று கேட்டார்கள். சேகர் எனக்குப் போன் பண்ணினான். நான் டூட்டியைப் பாதியில் மாற்றிவிட்டு ஓடிவந்து, அவர்களிடம் கைகூப்பி, "சின்னப் பிள்ளைங்க, தெரியாமச் செஞ்சுருச்சு" என்றேன். உன்னை எல்லார் முன்னாலும் எடுக்கச் சொன்னேன். நீ எடுத்தாய். பைக்கில் திருநகர் வந்தோம். வீட்டு வாசலில் இறங்கும்போதுதான், "அந்தக் கல்யாணத்துல அந்தக்கா வேற எங்கயுமே இல்லப்பா. அந்த ஆறு செகண்டுதான் இருந்தாங்க" என்றாய்.

சில மாதம் கழித்து அந்த அக்காளே கடைக்கு வந்து, தனக்கு அது மட்டும் வேண்டும் என்று கேட்டதும், அதற்குள் சேகர் அதை அழித்து வேறு கல்யாணத்தை ஏற்றிவிட்டதும் உனக்குத்தான் நன்றாகத் தெரியும். அன்றிலிருந்து நீ எதையும் அழிப்பதில்லை. வெட்டி எறிவதையும் தனியாக ஒரு இடத்தில் வைக்கிறாய். எந்தப் படமாக இருந்தாலும் மூன்று பிரதி. ஒன்று உன்னிடம், ஒன்று டைரக்டரிடம், மூன்றாவது நம் வீட்டுப் பீரோவில், உன் அம்மாவின் பட்டுப்புடவைக்கு அடியில். "நம்ம வீடுதான்பா இருக்குறதுலயே சேஃப்" என்று போன தடவை ஹார்ட் டிஸ்க் என்று ஒரு கறுப்பு டப்பாவைக் கொடுத்துவிட்டுப் போனாய். அதில்தான் அந்த நாற்பது விநாடியும் இருக்கிறது. மூன்று வாரமாகப் பீரோவைத் திறக்கவே என்னால் முடியவில்லை, உன் அம்மாதான் துணி எடுத்துத் தருகிறாள். ஒரு நாள் அதை எடுத்துக் கண்மாயில் போட்டுவிடலாமா என்றுகூட நினைத்தேன். நினைத்தேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். மற்ற இரண்டும் இருக்கின்றன என்று ஞாபகம் வந்ததால்தான் போடவில்லையே தவிர, நல்ல புத்தியால் இல்லை.

நீ வேலை செய்கிற விதத்தில் எனக்குப் பெருமையாக இருந்த ஒன்று இப்போது என் கழுத்தைப் பிடித்திருக்கிறது. ஒவ்வொரு படத்தையும் முடிப்பதற்கு முன் நீ மதுரைக்கு வருவாய். என்னைச் சாய்வு நாற்காலியில் உட்கார வைத்து லேப்டாப்பை முன்னால் வைப்பாய். நீ படத்தைப் பார்க்கமாட்டாய். பக்கவாட்டில் தரையில் உட்கார்ந்துகொண்டு என் முகத்தையே பார்ப்பாய், மடியில் ஒரு நோட்டு. நான் கண்ணை விலக்கினால் எழுதுவாய். நெளிந்தால் எழுதுவாய். கொட்டாவி விட்டால் கோடு போட்டு எழுதுவாய். ஏன் என்று கேட்டதற்கு, "சினிமாக்காரங்க வாயால பொய் சொல்லுவாங்கப்பா. உங்க மூஞ்சி பொய் சொல்லாது" என்றாய். அதை நான் பஸ் ஸ்டாண்டில் பழைய ஆட்களிடமெல்லாம் சொல்லிப் பெருமை அடித்திருக்கிறேன். என் மகள் படத்துக்கு நான்தான் முதல் ரசிகன், நான் நெளிந்தால் சீன் காலி என்று.

இந்தப் படத்துக்கு நீ என்னைப் பிடித்துக்கொண்டு குதித்தாய். உன் தோழி ரேவதி எடுத்த படம், மேற்குப் பக்கத்து ஊர்களுக்கு முதல்முதலாகப் பஸ் வந்த கதை, அந்தப் பஸ்ஸில் யார் எங்கே உட்காரலாம் என்று இருந்த கதை. "இது உங்க படம்ப்பா" என்றாய். டிக்கெட் கட்டு எப்படி இருக்கும், எந்த விரலில் எச்சில் தொடுவோம் என்றெல்லாம் கேட்டுக் கேட்டு எழுதிக்கொண்டாய். அழகர்கோவில் ரூட்டில் நடந்த கதைகளை நான் அவிழ்த்துவிட்டேன். நீ பிறந்ததிலிருந்து நான் அழகர்கோவில் ரூட் கண்டக்டர் என்றுதான் உனக்குத் தெரியும். அதற்கு முன்னால் இரண்டு வருடம் மேற்குப் பக்கத்து ரூட்டில் ஓடினேன் என்பதை நான் உனக்குச் சொன்னதே இல்லை. உன் அம்மாவுக்கும் ஏதோ ஒரு ரூட் என்று மட்டும் தெரியும்.

அன்றைக்குப் படம் ஓடியது. முக்கால் மணி நேரம் நன்றாகத்தான் பார்த்தேன். பிறகு வேப்பமரத்தடியில் கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்து ஒரு பெரியவர் பேசத் தொடங்கினார். அவருடைய வலது கை முழங்கைக்குக் கீழே வெளிப்பக்கமாகத் திரும்பியிருந்தது. ஆளை எனக்கு அடையாளம் தெரியவில்லை. கருப்பையா என்று கீழே பெயர் போட்டிருந்தாய், அப்போதும் தெரியவில்லை, பெயர் எனக்கு எந்தக் காலத்திலும் தெரியாது. அவர் பேசியபோதுதான் தெரிந்தது. ஒரு தடவைதான் கேட்டேன், ஆனாலும் ஒரு வார்த்தை விடாமல் இதோ எழுதுகிறேன். "அடி வாங்குனது முதுகுலதான் தாயி. கை அடியில போகல, பஸ்ஸுலதான் போச்சு. நான் படிக்கம்பியப் பிடிச்சுக்கிட்டு, அண்ணே, வண்டிய எடுக்காதீங்கண்ணேன்னு சொல்றேன். கண்டக்டரு என்னையப் பாத்தாரு. பாத்துக்கிட்டே ரெண்டு விசிலு ஊதுனாரு. வண்டி எடுத்துருச்சு. கை கம்பியோட சுத்திக்கிருச்சு. நல்ல மனுசன்தான் அவரு. சில்லற இல்லாட்டிக்கூட அப்பறம் குடுன்னு ஏத்திக்கிருவாரு. அவரு மேல கோவமெல்லாம் இல்ல. என்னத்துக்கு ஊதுனீங்கன்னு ஒரு வார்த்த கேக்கணும். அம்புட்டுத்தேன்."

அந்தக் கண்டக்டர் நான்தான், பாப்பா.

எழுதிவிட்டேன். எழுதிவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறேன். "என்னங்க எழுதிக்கிட்டே இருக்கீக, உயிலு கியிலு எழுதுறீகளா?" என்று உன் அம்மா சிரிக்கிறாள். எழுதுவதற்கு நமக்கு என்ன இருக்கிறது, இதுதான் இருக்கிறது.

நடந்தது இதுதான். காலை எட்டு மணி வண்டி. காலனி நிறுத்தத்தில் கருப்பையா ஏறினார், படத்தில் கிழவராகத் தெரிகிறாரே, அன்றைக்கு இருபது இருபத்திரண்டு வயதுதான் இருக்கும், வெள்ளைச் சட்டை போட்டிருந்தார். டிரைவருக்குப் பின் சீட் காலியாக இருந்தது, உட்கார்ந்தார். அந்தச் சீட்டில் காலனி ஆட்கள் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை, எழுதி ஒட்டவில்லை, ஆனால் எல்லாருக்கும் தெரியும். டிக்கெட் கிழித்துக் கொடுத்தேன், ஒன்றும் சொல்லவில்லை. உள்ளுக்குள் எனக்குச் சந்தோஷம்கூட, சத்தியமாகச் சொல்கிறேன். அடுத்த ஊரில் டீக்கடை முன்னால் வண்டி நின்றது. நாலு பேர் ஏறினார்கள். எந்திரி என்றார்கள். அவர் டிக்கெட்டைத் தூக்கிக் காட்டி, "காசு குடுத்துத்தான உக்காந்திருக்கேன்" என்றார். நாலு பேரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். "என்ன கண்டக்டரே, பாத்துக்கிட்டு நிக்கிறீக? இறக்கி விடுங்க" என்றார்கள். நான் இறக்கவும் இல்லை, அவர் உட்காரட்டும் என்று சொல்லவும் இல்லை. பையைத் திறந்து சில்லறை தேடினேன். அவர்களே இழுத்து இறக்கினார்கள். அவர் படியில் கம்பியைப் பிடித்துக்கொண்டார். டிரைவர் கண்ணாடியில் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். கண்டக்டர் விசில் ஊதாமல் பஸ் நகராது. நான் எதையும் எதிர்த்திருக்க வேண்டாம், யாரையும் தட்டிக் கேட்டிருக்க வேண்டாம், சும்மா வாயை மூடிக்கொண்டு நின்றிருந்தால் போதும். எதையும் செய்யாமல் இருப்பதுதான் எனக்குக் கைவந்த வேலை ஆயிற்றே, அன்றைக்கென்று அதையும் செய்யவில்லை. ஊதினேன்.

ஏன் ஊதினேன். நீ என் நிலைமையைப் புரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காக, உன் அம்மா அப்போது உன்னைச் சுமந்துகொண்டிருந்தாள் என்று எழுத நினைத்தேன். இத்தனை வருடமும் எனக்கு நானே அப்படித்தான் சொல்லிவந்தேன். இப்போது விரல் விட்டு எண்ணிப் பார்த்தால் அதுவும் பொய். நீ பிறந்தது அதற்கு இரண்டு வருடம் கழித்து. அப்போது எங்களுக்குக் கல்யாணமே ஆகவில்லை. உண்மை என்னவென்றால் அந்த டீக்கடை. அங்கே நம் ஆட்களுக்குத் தகர டம்ளர், மற்றவர்களுக்குக் கண்ணாடிக் கிளாஸ். வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம் கடைக்காரர் "எந்தப் பக்கம்ணே நீங்க?" என்று கேட்டார். திருமங்கலம் பக்கம் என்றேன். அவர் தானாக ஏதோ நினைத்துக்கொண்டு கண்ணாடிக் கிளாஸில் ஊற்றிக் கொடுத்தார். நான் திருத்தவில்லை. இரண்டு வருடம் அந்தக் கிளாஸில் குடித்தேன். அந்தக் காலனி ஆட்களைப் போலவே என் அய்யாவும் அடுத்தவர் வயலில் நின்று கூலிக்கு நாற்று நட்டவர்தான். நான் ஒரு வார்த்தை அவருக்காகப் பேசியிருந்தால், "உனக்கென்ன இவன்மேல இம்புட்டு அக்கறை?" என்று கேட்டிருப்பார்கள். அடுத்த கேள்வி, நீ யார் என்பதுதான். அந்தக் கேள்வி வருவதற்குள் வண்டியை எடுத்துவிட வேண்டும் என்பதைத் தவிர அப்போது என் மண்டைக்குள் வேறு ஒன்றுமே இல்லை.

கை பஸ்ஸில்தான் போனது என்பது எனக்குத் தெரியாது. இதை நீ நம்பினாலும் நம்பாவிட்டாலும் எழுதுகிறேன். அலறல் கேட்டது. அடிக்கிறார்கள் என்றுதான் நினைத்தேன், நினைக்க அதுதான் வசதி. திரும்பிப் பார்க்கவில்லை. அடுத்த மாதமே கெஞ்சிக் கூத்தாடி அழகர்கோவில் ரூட்டுக்கு மாற்றிக்கொண்டு வந்துவிட்டேன். முப்பது வருடத்துக்கு மேலாக, பாவம் அந்தப் பையனை அடித்துவிட்டார்கள் என்று அவர்கள் கணக்கிலேயே எழுதிவைத்திருந்தேன். உன் படத்தைப் பார்த்துத்தான் அது என் விசில் என்று தெரிந்துகொண்டேன்.

அப்போது என் முகம் எப்படி இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. உனக்குத் தெரியும். நெளிந்திருப்பேன். கண்ணை விலக்கியிருப்பேன். நீ நோட்டில் எழுதுகிற சத்தம் கேட்டது. படம் முடிந்ததும், "எந்த எடத்துலப்பா இழுத்துச்சு? அந்தப் பெரியவர் கடைசில பேசுறதா?" என்று கேட்டாய். உனக்குப் பதில் சொல்வதற்கு எனக்கு ஒரு மூச்சு நேரம் கிடைத்தது. அந்தக் காலத்தில் இரண்டு விசிலுக்குக் கிடைத்ததைவிட அதிக நேரம். "ஆமாம்மா, அந்த எடம் கொஞ்சம் இழுவைதேன்" என்றேன். அதோடு விட்டேனா, "எந்தக் கண்டக்டரும் அப்பிடி ஆளு கம்பியப் பிடிச்சுருக்கும்போது ஊதமாட்டான், பெரியவருக்கு ஞாபகம் தப்பியிருக்கும்" என்றும் சேர்த்தேன். நீ தலையாட்டினாய். போன வாரம் போனில் சிரித்துக்கொண்டே சொன்னாய்: அதை எடுக்கக்கூடாது என்று ரேவதி சண்டை போட்டாளாம், நீ விடவில்லையாம். "எங்கப்பா இருபத்தெட்டு வருஷம் கண்டக்டர், அவரே சொல்றாரு அப்பிடி நடக்காதுன்னு" என்று அவள் வாயை அடைத்துவிட்டாயாம். கருப்பையாவைப் பொய்யர் ஆக்கியது நான். அதில் உன்னையும் கூட்டுச் சேர்த்தேன். அன்றைக்குப் போனை வைத்துவிட்டுப் பாத்ரூமுக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டு, வாளியில் தண்ணீர் திறந்துவிட்டு அழுதேன்.

இனி என் பயத்தைச் சொல்கிறேன், வரிசை எல்லாம் கிடையாது, வருகிறபடி. அந்த நாற்பது விநாடியைத் திரும்ப வைத்தால், அந்தக் கண்டக்டர் யார் என்று யாராவது கேட்பார்கள். எடிட்டரின் அப்பா என்று தெரிந்தால் உன்னிடம் இனி யார் படம் தருவார்கள் என்று பயம். உனக்கு முதலாளி இல்லை, சங்கம் இல்லை, இந்தப் பெண் நேர்மையாக வெட்டுவாள் என்கிற பெயர் ஒன்றுதான் உன் கையில் இருக்கிற தொழில். அதை நான் தொலைத்துவிடுவேனோ என்று பயம். அந்த ஊர்ப் பக்கத்திலிருந்து யாராவது உன்னைத் தேடி வருவார்களோ என்று பயம். உன் அம்மா ஒன்றும் பேசாமல் இருந்துவிடுவாளோ என்று பயம், அவள் பேசாமல் இருந்தால் என்னால் தாங்க முடியாது. எல்லாவற்றுக்கும் மேலாக, அடுத்த படத்துக்கு நீ வரமாட்டாய், அந்தச் சாய்வு நாற்காலி சும்மா கிடக்கும் என்று பயம். சேனல் வேலையை விட்டபோது பட்டதெல்லாம் இதன் முன்னால் ஒன்றுமே இல்லை.

அப்பா என்றால் புத்தி சொல்ல வேண்டும். எனக்கு அந்த யோக்கியதை இல்லை, ஆனாலும் உன் வேலையைப் பற்றி ஒன்று சொல்கிறேன், இதை மட்டும் நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். சேனலில் நாலு பேர் பார்த்து நாலு விதமாகச் சொல்வார்கள். தனியாக வேலை செய்கிறவளுக்கு அவள் நம்புகிற ஒரு முகம்தான் எல்லாம். அந்த முகத்திடம் ஜாக்கிரதையாக இரு. ஒரு மனுசன் நெளிகிற இடமெல்லாம் இழுக்கிற இடம் இல்லை. சில இடத்தில் சுடுவதால் நெளிவான். நெளிந்தால் உடனே நோட்டில் எழுதாதே, ஏன்ப்பா என்று இன்னொரு தடவை கேள். என்னிடம் நீ இன்னொரு தடவை கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனா என்று நினைத்துப் பார்த்தேன். சொல்லியிருக்கமாட்டேன் என்றுதான் தோன்றுகிறது. ஆனாலும் கேள். அந்தக் கல்யாணத்து அக்காவை எடுக்கச் சொன்ன அன்றும் நான்தான் பயந்தேன், நீ பயப்படவில்லை. உன் கையில் வெட்டுகிற பழக்கத்தை விதைத்ததே என் பயம்தானோ என்னவோ. இனிமேல் உன் மேஜையில் எனக்கு இடம் கொடுக்காதே.

அன்றைக்கு நான் சொன்னதில் ஒன்று மட்டும் உண்மை. படத்தில் பஸ் கிளம்பும் இடங்களில் நீ போட்டிருக்கிற விசில் போலீஸ்காரர் விசில், நீளமாக இழுக்கிறது. கண்டக்டர் விசில் அப்படி இருக்காது. குட்டையாக, அடுத்தடுத்து இரண்டு. என் விசில் இன்னும் இருக்கிறது, தோல் பைக்குள் கிடந்தது. சற்று முன்னால் மொட்டை மாடிக்குப் போனேன். போனில் ரெக்கார்டரைப் போட்டுத் தண்ணீர்த் தொட்டி மேல் வைத்துவிட்டு விசிலை வாயில் வைத்தேன். உடனே வரவில்லை. உதடு காய்ந்துபோயிருந்தது. நாலாவது தடவைதான் சரியாக வந்தது. பக்கத்து வீட்டு அம்மா துணி காயப்போடுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார். கீழேயிருந்து உன் அம்மா, "எங்கங்க கெளம்பிட்டீக, வண்டி எடுத்தாச்சா?" என்று கத்தினாள். உனக்கு அனுப்பியிருக்கிறேன். இந்தக் கடிதம் வருமுன்னே அது உன் போனில் வந்திருக்கும், அப்பா ஏதோ விளையாடுகிறார் என்று நினைத்திருப்பாய். அதே விசில், அதே வாய், அதே சத்தம். கருப்பையா "ரெண்டு விசிலு ஊதுனாரு" என்று சொல்லி நிறுத்துகிற இடத்தில் அதைப் போடு. என் பெயரையும் போட வேண்டுமா என்று நீயும் ரேவதியும் முடிவு செய்யுங்கள். போட்டால் நான் தடுக்கமாட்டேன். சாயங்காலம் கூரியர் ஆபீஸிலிருந்து வந்ததும் உன் அம்மாவிடம் சொல்லப்போகிறேன்.

இன்னும் ஒன்று கேட்கிறேன், தட்டாதே. லாக் முடிந்ததும் ஞாயிற்றுக்கிழமை நீ வா. அந்தப் பெரியவர் வீட்டுக்கு ரேவதியிடம் வழி கேட்டுக்கொள். என்னைக் கூட்டிக்கொண்டு போ. அவர் என்னிடம் ஒரு வார்த்தை கேட்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார், கேட்கட்டும், பதில் சொல்ல வேண்டியவன் உயிரோடு இருக்கிறேன். நானாகவே பஸ் ஏறிப் போய்விடலாம், தூரம் ஒன்றும் இல்லை. தனியாகப் போனால் அடுத்த நிறுத்தத்திலேயே இறங்கித் திரும்பி வந்துவிடுவேன், என்னை எனக்குத் தெரியும். நீ பக்கத்தில் இருந்தால் இறங்கமாட்டேன். அவர் கேட்பார். நான் சொல்வேன். அப்போது மட்டும், பாப்பா, பழக்க தோஷத்தில் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்காதே. அவர் முகத்தைப் பார்.

அப்பா